காரணம் சொல்லப்படாத பையன்

(பள்ளியின் ஆண்டுப் பரிசளிப்பு விழாவில் ஓய்வுபெற்ற ஆசிரியர் ஒருவர் ஆற்றிய உரை)

விடியற்காலையில் வேலைக்காட்டுக்குப் போய்வந்து, குளித்து உடுத்தி, பிள்ளைகளைக் கையில் பிடித்துக்கொண்டு வந்திருக்கும் தோட்டத்துப் பெருமக்களே, என் அன்புக்குரிய மாணவச் செல்வங்களே!

என்னை அரை மணி நேரம் பேசச் சொல்லியிருக்கிறார்கள். பின்கட்டிலிருந்து மீகூன் பிரட்டும் வாசம் வருகிறது. முன்வரிசையில் இருக்கும் தம்பிமார்களின் கண்ணெல்லாம் அந்தப் பக்கமே போகிறது. ஆகவே, பயப்படாதீர்கள். சுருக்கமாகவே பேசிவிடுகிறேன்.

பரிசளிப்பு விழா என்றால் பேச வருகிறவர்கள் வழக்கமாகப் பெரிய தலைவர்களையும் பெரிய விஞ்ஞானிகளையும் பற்றிப் பேசுவார்கள். நல்லதுதான். ஆனால் நான் இன்றைக்கு ஒரு கோமாளியைப் பற்றிப் பேசலாம் என்று வந்திருக்கிறேன். சிரிக்க வைப்பதையே தொழிலாகக் கொண்டு, தான் மட்டும் திரையில் சிரிக்காமலேயே இருந்த மனிதர் அவர். பெயர் பஸ்டர் கீட்டன். அமெரிக்காக்காரர். 1895-ஆம் ஆண்டில் பிறந்து 1966-இல் மறைந்தவர்.

சார்லி சாப்ளினை உங்களுக்குத் தெரியும். தொப்பி, கைத்தடி, ஒட்டு மீசை. அந்தக் காலத்தில் தோட்டத் திடலில் வெள்ளைத்துணி கட்டிப் படம் காட்டுவார்கள். பெரிய படம் தொடங்குவதற்கு முன் சின்னப் படமாக சார்லி வருவார். ஆயாமார்கள் கூடப் பாயில் உட்கார்ந்து வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிப்பார்கள். ஊமைப்படம் பார்! அதற்குத் தமிழும் வேண்டாம், மலாயும் வேண்டாம், ஆங்கிலமும் வேண்டாம். விழுந்தால் எல்லா நாட்டுக்காரனுக்கும் ஒரே மாதிரிதானே வலிக்கும்?

அந்தச் சார்லியின் காலத்தவர்தான் இந்தக் கீட்டன். இவருடைய பெற்றோர் ஊர் ஊராகப் போய் மேடையில் வேடிக்கை காட்டிப் பிழைத்தவர்கள். பிள்ளையையும் சின்ன வயதிலேயே மேடையேற்றினார்கள். அப்பா மகனைத் தூக்கி வீசுவார், பிள்ளை உருண்டு விழுவான், சனம் சிரிக்கும். விழுந்தவன் சிரித்துவிட்டால் சனம் அவ்வளவாகச் சிரிப்பதில்லை, முகத்தைக் கல் மாதிரி வைத்துக்கொண்டால் கொட்டகையே அதிருகிறது என்பதை அந்தப் பிள்ளை கண்டுகொண்டான். அதுவே பிற்காலத்தில் அவருக்குக் 'கல்முகம்' என்ற பட்டத்தைத் தேடித் தந்தது. இப்படி மேடை மேடையாகப் போனதில் பள்ளிக்கூடம் போக அவருக்கு வாய்க்கவில்லை. மாணவர்களே, அதைப் பிடித்துக்கொண்டு நாளைக்கு வகுப்புக்கு மட்டம் போட்டுவிடாதீர்கள்!

அவர் எடுத்த படங்களில் மிகச் சிறந்தது என்று பலரும் சொல்வது 'தி ஜெனரல்' என்ற படம். 1926-இல் எடுத்தது. ஜெனரல் என்றதும் ஒரு படைத்தலைவர் என்று நினைப்பீர்கள். கிடையாது. அது ஒரு ரயில் எஞ்சினின் பெயர்.

கதை இதுதான். அமெரிக்காவில் ஜார்ஜியா என்று ஒரு மாநிலம். அங்கே ஜானி என்று ஓர் எஞ்சின் ஓட்டி. அவனுக்கு உலகத்தில் இரண்டே இரண்டு உயிர். ஒன்று அவனுடைய எஞ்சின், மற்றொன்று ஆனபெல் என்ற பெண். 1861-இல் வடக்குக்கும் தெற்குக்கும் உள்நாட்டுப் போர் மூளுகிறது. ஆனபெல்லின் அண்ணன் படையில் சேரப் புறப்படுகிறான், அப்பாவும் புறப்படுகிறார். "நீங்கள் சேரவில்லையா?" என்று அவள் கேட்கிறாள். நம்ம ஆள் குறுக்கு வழியில் ஓடி, எல்லோருக்கும் முன்னால் வரிசையில் போய் நிற்கிறான்.

பெயரைக் கேட்கிறார்கள், தொழிலைக் கேட்கிறார்கள். எஞ்சின் ஓட்டி என்கிறான். உள்ளே இருக்கும் அதிகாரி, "இவன் படையில் இருப்பதைவிட எஞ்சினில் இருப்பதுதான் தெற்குக்கு அதிகப் பயன், இவனைச் சேர்க்க வேண்டாம்" என்று முடிவு செய்கிறார். ஒரு வகையில் பார்த்தால் அது பாராட்டு. ஆனால் அவனிடம் சொன்னது என்ன? "வேண்டாம், போ." அவ்வளவுதான். காரணம் சொல்லவில்லை.

பாவம், அந்தப் பையன் என்ன செய்கிறான் தெரியுமா? பக்கத்தில் நிற்கும் நெட்டையனோடு தன் உயரத்தை அளந்து பார்க்கிறான். நாம் குள்ளம் என்பதாலா? தொப்பியைச் சாய்த்து மாட்டிக்கொண்டு, வேறு பெயர், வேறு தொழில் சொல்லி மறுபடியும் போகிறான். கண்டுபிடித்து வெளியே துரத்துகிறார்கள். வெளியே ஆனபெல்லின் அப்பாவும் அண்ணனும் அவனை வரிசைக்கு அழைக்கிறார்கள். அவன் தலையை ஆட்டிவிட்டுப் போகிறான். "இவன் முயற்சி கூடச் செய்யவில்லை" என்று அவர்கள் வீட்டில் சொல்லிவிடுகிறார்கள். "சிப்பாய் உடுப்புப் போடும்வரை என்னோடு பேச வேண்டாம்" என்று அவளும் சொல்லிவிடுகிறாள்.

அப்போது ஒரு காட்சி வருகிறது. அவன் போய்த் தன் எஞ்சினின் சக்கரங்களை இணைக்கும் நீண்ட இரும்புத் தண்டின் மேல் உட்காருகிறான். துக்கத்தில் ஒன்றுமே தெரியவில்லை. யாரோ எஞ்சினை நகர்த்துகிறார்கள். சக்கரம் சுற்ற, தண்டு மேலே போகிறது, கீழே வருகிறது. அவனும் தண்டோடு மேலே போகிறான், கீழே வருகிறான். உட்கார்ந்த நிலையிலேயே கொட்டகைக்குள் போய் மறைகிறான். பார்க்கிறவனுக்குச் சிரிப்பு வரும். ஆனால் தொண்டையில் ஏதோ அடைக்கும். இந்தக் காட்சியில் தந்திரம் எதுவும் இல்லை. நீராவியைக் கொஞ்சம் கூடுதலாகத் திறந்துவிட்டால் சக்கரம் தண்டவாளத்தில் வழுக்கி வேகமாகச் சுழன்றுவிடும். தண்டில் உட்கார்ந்திருப்பவன் கதி அதோகதிதான். அப்படியிருந்தும் கீட்டன் அதில் தானே உட்கார்ந்தார்.

சென்ற ஆண்டு என் பேத்தியோடு இந்தப் படத்தைக் கைப்பேசியில் பார்த்தேன். இந்த இடத்தில் அவள் படத்தை நிறுத்திவிட்டு, "தாத்தா, ஏன் அவன்கிட்ட யாருமே காரணத்தைச் சொல்லல?" என்று கேட்டாள். நான் பதில் சொல்லவில்லை. அந்தக் கேள்வியை இங்கே கொஞ்ச நேரம் இப்படியே வைத்துவிட்டு மேலே போகிறேன்.

ஓராண்டு கழிகிறது. 1862. வடக்குப் படையின் ஒற்றர்கள், பயணிகள் சாப்பிட இறங்கிய நேரம் பார்த்து, ஜானியின் எஞ்சினைத் திருடிக்கொண்டு ஓட்டிவிடுகிறார்கள். பெட்டியில் ஆனபெல்லும் மாட்டிக்கொள்கிறாள். ஜானி பின்னாலேயே ஓடுகிறான். முதலில் கால்நடை, பிறகு கையால் உந்தும் தண்டவாள வண்டி, பிறகு ஒரு சைக்கிள். கடைசியில் வேறு ஓர் எஞ்சின் கிடைக்கிறது. பின்னால் ஒரு பெட்டி நிறையச் சிப்பாய்கள் ஏறுகிறார்கள். வீரமாகப் புறப்படுகிறான். ஆனால் பெட்டியை எஞ்சினோடு மாட்ட மறந்துவிட்டான்! சிப்பாய்கள் அங்கேயே நிற்க, இவன் ஒற்றை ஆளாகப் போய்க்கொண்டிருக்கிறான்.

எதிரிகள் தண்டவாளத்தின் மேல் சிலிப்பர் கட்டைகளைப் போட்டுவிட்டுப் போகிறார்கள். இவன் எஞ்சினின் மூக்கில் உட்கார்ந்து, ஒரு கட்டையை மடியில் தூக்கி வைத்திருக்கிறான். எதிரே இன்னொரு கட்டை. எஞ்சின் நிற்கவில்லை. கையிலிருக்கும் கட்டையை எதிரே கிடக்கும் கட்டையின் ஓரத்தில் குறிபார்த்துப் போட, இரண்டும் ஒன்றாகத் துள்ளித் தண்டவாளத்தை விட்டு விலகுகின்றன. பீரங்கிக்குத் திரி கொளுத்துகிறான். அதன் வாய் தாழ்ந்து தாழ்ந்து இவனையே பார்க்கிறது. நல்ல வேளை, பாதை வளைகிறது. குண்டு எதிரிகளின் பக்கம் போய் விழுகிறது. விறகு வெட்டுவதில் மும்முரமாக இருக்கும்போது, அவன் முதுகுக்குப் பின்னால் தெற்குப் படை முழுவதும் பின்வாங்கி ஓடுகிறது, வடக்குப் படை முழுவதும் முன்னேறி வருகிறது. இவன் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. வேலை, வேலை, வேலை!

பிறகு எதிரியின் கூடாரத்துக்கே போய்ச் சேர்ந்து, மேசைக்கடியில் ஒளிந்திருந்து அவர்கள் திட்டத்தைக் கேட்டு, ஆனபெல்லையும் மீட்டு, எஞ்சினையும் மீட்டுத் திரும்புகிறான். வழியில் விறகு போடச் சொன்னால் அந்தப் பெண், ஓட்டை விழுந்த கட்டை அழகாக இல்லை என்று தூக்கியெறிந்துவிட்டுச் சுள்ளியாகப் பொறுக்கிப் போடுகிறாள். கோபத்தில் கழுத்தைப் பிடிக்கப் போனவன், அடுத்த நொடியே முத்தம் கொடுத்துவிட்டு வேலையைப் பார்க்கிறான். கடைசியில் பாலத்துக்குத் தீ வைத்து, துரத்தி வந்த எதிரியின் எஞ்சினை ஆற்றில் விழவைக்கிறான். படையில் சேர்க்க மறுத்தவர்களே அவனுக்கு லெப்டினன்ட் பதவி கொடுக்கிறார்கள்.

அந்தப் பாலக் காட்சிக்குப் பொம்மை எஞ்சின் வைக்கவில்லை. 1926 ஜூலை 23-ஆம் நாள், ஓரிகன் மாநிலத்தில் காட்டேஜ் குரோவ் என்ற ஊருக்கு அருகில், உண்மையான பாலத்தில், உண்மையான எஞ்சினை ஓட்டி ஆற்றில் விழவைத்தார்கள். ஊர்ச்சனமே திரண்டு வந்து பார்த்தது. திரும்ப எடுக்க முடியாது, ஒரே தடவை. அந்த இரும்பு ஆற்றிலேயே கிடந்து, இரண்டாம் உலகப் போர்க் காலத்தில் பழைய இரும்புக்காக எடுக்கப்பட்டது. போர்க்காட்சிகளுக்கு அந்த மாநிலத்துத் தேசியக் காவற்படையினரையே அழைத்து, ஒரே ஆட்களுக்கு ஒரு தடவை வடக்கு உடுப்பும், இன்னொரு தடவை தெற்கு உடுப்பும் மாட்டி எடுத்தார்கள். சிக்கனம்!

இந்த இடத்தில் ஓர் உண்மையைச் சொல்லாமல் போனால் நான் ஆசிரியனாக இருந்ததற்கு அர்த்தமில்லை. இந்தக் கதை உண்மையில் நடந்த ஒன்றைத் தழுவியது. 1862 ஏப்ரல் 12-இல் ஆண்ட்ரூஸ் என்பவர் தலைமையில் வடக்கைச் சேர்ந்தவர்கள் 'ஜெனரல்' எஞ்சினைக் கடத்தினார்கள். பிடிபட்டார்கள். ஆண்ட்ரூசோடு சேர்த்து எட்டுப் பேர் தூக்கிலிடப்பட்டார்கள். படம் அவர்களை வில்லன்களாக்கிவிட்டது. தெற்கு எதற்காகப் போரிட்டது? அடிமை முறையைக் காப்பதற்காக. 1860-ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பில் ஜார்ஜியாவில் மட்டும் நாலரை இலட்சத்துக்கும் அதிகமான மக்கள் அடிமைகளாக இருந்தார்கள். பருத்தித் தோட்டங்களில் உழைத்தவர்கள் அவர்கள்தாம். படத்தில் அவர்கள் கதை இல்லை. தோட்டம் என்றால் என்ன, தோட்டத்தில் உழைக்கிறவனின் பெயர் வெளியே தெரியாமல் போவது என்றால் என்ன என்பது நமக்குத் தெரியும். ஆகவே படத்தைப் பார்த்துச் சிரியுங்கள். ஆனால் யார் அங்கே காட்டப்படவில்லை என்பதையும் பிள்ளைகளுக்குச் சொல்லிக் கொடுங்கள்.

சரி, இவ்வளவு பாடுபட்டு எடுத்த படம் ஓடியதா? ஓடவில்லை. 1927-இல் அமெரிக்காவில் திரையிட்டபோது பத்திரிகைக்காரர்கள் பலர் குறை சொன்னார்கள். போட்ட பணம் ஒழுங்காக வரவில்லை. தன் விருப்பப்படி படமெடுத்துக்கொண்டிருந்த கீட்டன், 1928-இல் ஒரு பெரிய நிறுவனத்தில் சம்பளக்காரராகச் சேர்ந்தார். அதுவே தன் வாழ்க்கையின் பெரிய தவறு என்று பின்னாளில் அவரே வருந்தினார். பேசும் படம் வந்தது. குடிப்பழக்கம் பிடித்துக்கொண்டது. குடும்பம் சிதறியது. பெற்றோர்களே, குடி என்ன செய்யும் என்று உங்களுக்கு நான் சொல்லத் தேவையில்லை.

ஆனால் அந்த மனிதர் விழுந்து எழுந்து பழகியவர். 1924-இல் ஒரு படத்தில் ரயில்பாதைத் தண்ணீர்த் தொட்டியின் நீர் கொட்டி அவர் கழுத்தெலும்பு முறிந்திருக்கிறது. தலைவலி என்று நினைத்து வேலையைத் தொடர்ந்துவிட்டார். பல ஆண்டுகள் கழித்து மருத்துவர் சோதித்தபோதுதான் எலும்பு முறிந்து சேர்ந்திருந்தது தெரிந்தது! அப்படிப்பட்டவர் குடியிலிருந்தும் மீண்டார். சின்னச் சின்ன வேடம், தொலைக்காட்சி, எது கிடைத்தாலும் செய்தார். மெல்ல மெல்ல உலகம் அவரைத் திரும்பிப் பார்த்தது. 1960-இல் சிறப்பு ஆஸ்கர் விருது. 1965-இல் வெனிஸ் திரைப்பட விழாவில் எழுந்து நின்று கைதட்டினார்கள். அடுத்த ஆண்டே மறைந்தார். 1989-இல் அமெரிக்க அரசு, நாட்டின் செல்வமாகக் காக்க வேண்டிய படங்கள் என்று முதன்முதலில் இருபத்தைந்தைத் தேர்ந்தெடுத்தபோது, அதில் ஒன்று 'தி ஜெனரல்'.

இப்போது என் பேத்தியின் கேள்விக்கு வருகிறேன்.

1979-இல் நான் ஒரு தோட்டப் பள்ளியில் ஆசிரியர். பள்ளியின் பெயர் வேண்டாம். ஆண்டு விழாவுக்கு நாடகம் போட ஏற்பாடு. ஆறாம் வகுப்பில் ஒரு பையன். பேசினால் திக்கும். ஆனால் கைத்திறமை அபாரம். எங்களிடம் ஒரு பழைய ஜெனரேட்டர் இருந்தது. கயிற்றை இழுத்தால் எங்கள் யாருக்கும் அசையாது. அவன் போய் ஏதோ துடைத்து, ஏதோ திருகி, ஒரே இழுப்பு. வெளிச்சம் வந்துவிடும். அந்தப் பையன் என்னிடம் வந்து, "சார், நாடகத்திலே ஒரு சிப்பாய் வேஷம் போதும், பேச வேணாம், சும்மா ஈட்டியைப் பிடிச்சிக்கிட்டு நிக்கிறேன்" என்று கேட்டான். நான் மனதுக்குள் நினைத்தேன், இவன் மேடைக்கு வந்துவிட்டால் ஜெனரேட்டரை யார் பார்ப்பது? பாதியில் விளக்கு அணைந்தால் விழாவே போச்சு. ஆகவே சொன்னேன், "உனக்கு வேஷம் இல்லடா, போ."

காரணம் சொல்லவில்லை. நேரமில்லை என்று அல்ல. சொல்ல வேண்டும் என்று தோன்றவே இல்லை.

விழா நன்றாக நடந்தது. விளக்கு ஒருமுறை கூட அணையவில்லை. எல்லோருக்கும் நன்றி சொன்னோம். வெளியே இருட்டில் ஜெனரேட்டர் பக்கத்தில் உட்கார்ந்திருந்தவனுக்குச் சொல்லவில்லை.

2004-இல் ஒரு கல்யாண மண்டபத்தில் ஒருவர் வந்து என் கையைப் பிடித்தார். அவன்தான். பட்டணத்தில் லாரிப் பட்டறையில் வேலை. பிள்ளைகுட்டி என்று நன்றாகத்தான் இருந்தார். சாப்பிட்டுக்கொண்டே இருந்தவர் திடீரென்று கேட்டார். "சார், ஒண்ணு கேக்கணும். எனக்குத் திக்குது, நான் மேடையிலே நின்னா பள்ளிக்கூடத்துக்கே கேவலம்னுதானே அன்னைக்கு வேஷம் குடுக்கல?"

அப்படியே உட்கார்ந்துவிட்டேன். இருபத்தைந்து வருஷம்! அதை மனத்தில் சுமந்துகொண்டு திரிந்திருக்கிறார். "ஐயோ தம்பி, இல்லப்பா, உன்னை விட்டா ஜெனரேட்டரைப் பாக்க ஆளே இல்லப்பா" என்றேன். அவர் கொஞ்ச நேரம் இலையைப் பார்த்துக்கொண்டே இருந்தார். பிறகு, "அத அன்னைக்கே சொல்லியிருக்கலாமே சார்" என்றார். கோபமாகச் சொல்லவில்லை. அதனால்தான் எனக்கு இன்னும் வலிக்கிறது. நாலாம் பாரத்தோடு படிப்பை நிறுத்தியதற்கு அது மட்டுமே காரணம் என்று நான் சொல்ல மாட்டேன். வீட்டுக் கஷ்டமும் இருந்தது. ஆனால் "நாலு பேர் முன்னாடி நிக்க எனக்கு லாயக்கில்லை" என்ற எண்ணத்தை அவர் மனத்தில் விதைத்தவன் நான்.

ஜானிக்குச் சினிமாவில் ஓர் எஞ்சின் திருட்டு வந்தது, தன் தகுதியைக் காட்ட ஒரு வாய்ப்பு வந்தது. எல்லாப் பிள்ளைக்கும் அப்படி வருமா? எல்லாரும் பாலத்தை எரித்துப் பதவி வாங்க முடியுமா?

ஆகவே, ஆசிரியப் பெருமக்களே, பெற்றோர்களே, உங்களிடம் ஒரே ஒரு வேண்டுகோள். ஒரு பிள்ளையிடம் 'இல்லை' என்று சொல்ல நேரிட்டால் காரணத்தையும் சேர்த்துச் சொல்லிவிடுங்கள். பிள்ளைக்குப் புரியாது என்று நினைக்காதீர்கள். "இந்த வருஷம் காலணி வாங்க முடியாது, சம்பளம் பத்தல" என்று சொன்னால் பிள்ளை தாங்கிக்கொள்ளும். சொல்லாமல் விட்டால் அது தானாக ஒரு காரணத்தைத் தேடும். தேடுகிற பிள்ளை எப்போதும் தன்னிடமே குறையைக் கண்டுபிடிக்கும். உயரத்தை அளந்து பார்க்கும், நிறத்தை நினைத்துப் பார்க்கும், நாக்கை நொந்துகொள்ளும்.

மாணவச் செல்வங்களே, இன்றைக்குப் பரிசு வாங்கப் போகிறவர்களுக்கு என் வாழ்த்துகள். பரிசு வாங்காதவர்களும் இங்கே நிறையப் பேர் இருக்கிறீர்கள். உங்களுக்கு ஒன்று சொல்கிறேன். உங்களை யாராவது ஒதுக்கினால், தயங்காமல் போய்க் கேளுங்கள். "சார், ஏன் சார்?" என்று மரியாதையாகக் கேளுங்கள். அதில் அவமானம் ஒன்றுமில்லை. பாதி நேரம் நீங்கள் நினைத்த காரணமாக இருக்காது. உண்மையிலேயே உங்களிடம் குறை இருந்தால், அதையும் தெரிந்துகொண்டு திருத்திக்கொள்ளலாமே!

முடிப்பதற்கு முன் ஒன்று. இந்த விழாவுக்கு இந்த ஒலிபெருக்கியைச் சரிசெய்து வைத்த மாணவர்கள் இரண்டு பேர், அதோ அந்தத் தூணுக்குப் பக்கத்தில் நிற்கிறார்கள். பின்கட்டில் சமையல் செய்யும் தாய்மார்கள் இருக்கிறார்கள். அவர்கள் பெயர் நிகழ்ச்சி நிரலில் இல்லை. தலைவர் அவர்கள் அனுமதி தந்தால், பரிசு வழங்குவதற்கு முன் அவர்களை மேடைக்கு அழைத்து நாம் எல்லோரும் ஒருமுறை கைதட்டலாம். 1979-இல் நான் தட்டாமல் விட்ட கைதட்டு அது.

மீகூன் ஆறிப்போகும்.